ஒரு நடிகரின் தேசத் தொண்டு

ஜனவரி மாதம் 13-ந் தேதியைப் பல்கேரிய தேசத்தார் தங்கள் சினிமாவின் ஜன்ம தினமாகக் கருதி வருகிறார்கள். 1915-ம் வருஷம் அந்தத் தேதியில் ஸோபியா நகரத்திலுள்ள மாடர்ன் தியேட்டர் என்னும் கொட்டகையில் ஒரு சிறிய ஹாஸ்யப் படம் காட்டப்பட்டது. பேச்சில்லாத மௌனப் படம். அதன் கதையை எழுதியவர், அதை டைரக்ட் செய்தவர், அதில் பிரதான வேஷம் தரித்தவர் எல்லாம் ஒருவரே. அவருக்கு அப்பொழுது வயது இருபத்துமூன்று. வாஸில் கெண்டோவ் என்பது அவர் பெயர்.

அந்தப் படம் இன்று இல்லை. இரண்டாவது உலக மகாயுத்தத்தில் ஸோபியா நகரத்தின்மீது பொழிந்த குண்டுகளுக்கு அது இரையாயிற்று. அதிலிருந்து எஞ்சியவை சில காட்சித் துண்டுகளே. கண்ணால் காண முடியாத ஒரு படத்தின் பிறந்த நாளை ஒரு தேசம் நினைவில் வைத்துக் காப்பாற்றுகிறதென்றால், அதில் ஏதோ விஷயம் இருந்தாக வேண்டும். அந்த விஷயத்தை நேயர்களுக்கு எடுத்துரைப்பதே இங்கே நம் நோக்கம்.

பத்திரிகையின் இந்தப் பக்கத்தில் ஒரு கூத்தாடியின் சரித்திரத்துக்கு இடம் எதற்கு என்று முகம் சுளிக்கும் அன்பர்களும் நம்மிடையே உண்டு. மந்திரிகளும் சேனாதிபதிகளும் மட்டுமே தேசத்தைச் சமைக்கிறார்கள் என்று எண்ணுவோருக்கு நாம் சொல்லக்கூடியது அதிகமில்லை. ஒரு ஜன சமூகம் தன் முகத்தைத் தானே பார்த்துக்கொள்ளும் கண்ணாடி ஒன்று அதற்கு வேண்டும். அந்தக் கண்ணாடியைத் தன் கைக்காசு போட்டுச் செய்து கொடுத்தவனும் தேசத் தொண்டனே என்பது நம் துணிபு.

பல்கேரியா ஐரோப்பாவின் தென்கிழக்கில், டான்யூப் நதிக்குத் தெற்கே அமைந்த சிறிய தேசம். பதினான்காம் நூற்றாண்டின் இறுதியில் துருக்கி சுல்தானுடைய ஆட்சிக்குட்பட்ட அந்நாடு, ஏறக்குறைய ஐந்நூறு வருஷ காலம் அந்த நுகத்தைச் சுமந்தது. அரசு துருக்கியருடையது, கோவிலும் குருமாரும் கிரேக்கர் வசம். எனவே அந்த ஜனங்களுக்கு அடிமைத்தனம் இரண்டு வகை. வரி கொடுப்பதற்கு ஒரு பாஷை, கடவுளைத் தொழுவதற்கு வேறொரு பாஷை. தாய்மொழியோ வயலிலும் அடுப்பங்கரையிலுமே வழங்கியது. 1870-ல் அவர்கள் தங்களுக்கென்று தனியே ஒரு திருச்சபையைப் பெற்றதை அரசியல் விடுதலைக்கு முந்திய விடுதலையென்று அந்நாட்டுச் சரித்திரக்காரர் எழுதுவதில் வியப்பில்லை. 1876-ம் வருஷம் ஏப்ரல் மாதத்தில் எழுந்த கலகத்தைத் துருக்கி சர்க்கார் கொடூரமாக அடக்கியது. அந்த அட்டூழியங்களைக் கண்டித்து இங்கிலாந்தில் கிளாட்ஸ்டன் வெளியிட்ட பிரசுரம் அக்காலத்தில் ஒரு பெரிய பரபரப்பை உண்டாக்கிற்று. அடுத்த வருஷம் மூண்ட ருஷ்ய துருக்கி யுத்தத்தின் பயனாக 1878-ல் பல்கேரியா விடுதலை பெற்றது. ஆயினும் பெயரளவில் சுல்தானுக்குக் கப்பம் கட்டும் நிலைமை நீங்கிப் பூரண சுதந்தரம் பிரகடனம் செய்யப்பட்டது 1908-ம் வருஷத்திலேதான்.

இந்த நாட்டில் நாடகம் எப்படித் தோன்றிற்று என்பதை அறிந்தால்தான் கெண்டோவின் வாழ்க்கை விளங்கும். துருக்கி ஆட்சியிலேயே, 1856-ம் வருஷத்தில், ஸ்விஷ்டோவ், லோம், ஷூமன் என்னும் ஊர்களில் ஜனங்கள் தாங்களாகவே பணம் சேர்த்து வாசகசாலைகளை ஏற்படுத்தினார்கள். பகலில் பள்ளிக்கூடம், மாலையில் பத்திரிகை படிக்குமிடம், பண்டிகை நாளில் நாடக மேடை என்று ஒரே கூடம் மூன்று காரியங்களுக்கும் பயன்பட்டது. லோமிலும் ஷூமனிலும் அதே வருஷத்தில் பல்கேரிய பாஷையில் முதல் நாடகங்கள் நடைபெற்றன. நடித்தவர்கள் தொழில்முறைக் கூத்தாடிகளல்லர். உபாத்தியாயர்களும் வியாபாரிகளின் பிள்ளைகளும்தான். அரசர்கள் ஆதரித்து வளர்த்த நாடகக் கலை பல தேசங்களில் உண்டு. வாசகசாலையில் பிறந்த நாடகக் கலை பல்கேரியருடையது. ஆகவே அந்நாட்டில் நடிகன் என்றால் வெறும் பொழுதுபோக்குக்காரன் என்று யாரும் நினைத்ததில்லை. பாஷைக்கு உழைப்பவன் என்னும் மதிப்பு ஆதி முதலே அவனுக்கு இருந்து வந்தது.

வாஸில் கெண்டோவ் 1891-ம் வருஷம் நவம்பர் மாதத்தில் ஸ்லிவென் என்னும் ஊரில் பிறந்தார். பால்கன் மலைத்தொடரின் தெற்கு அடிவாரத்திலுள்ள இந்த ஊருக்கு இரண்டு பெருமைகள் உண்டு. ஒன்று, சுல்தானை எதிர்த்து மலைக்காடுகளில் மறைந்திருந்து போராடிய வீரர் கூட்டங்களின் தலைவர்கள் பலர் இவ்வூரார். 1868-ல் போரில் மாண்ட ஹாஜி டிமிடர் இவ்வூரில் பிறந்தவரே. மற்றொன்று, 1834-ம் வருஷத்தில் டோப்ரி ஜெலியாஸ்கோவ் என்பவர் அந்நாட்டின் முதல் நெசவாலையை இங்கேதான் தொடங்கினார். அந்த ஆலையில் நெய்த கம்பளித் துணி சுல்தானுடைய சேனைக்கே உடுப்பாகச் சென்றது என்பதை நாம் படித்தபோது சற்று நின்று யோசிக்க நேர்ந்தது. ஊரை அடக்க வருகிற சிப்பாய்க்குச் சட்டை தைக்கத் துணி கொடுத்ததும் அந்த ஊரே! விடுதலை வந்து பதின்மூன்று வருஷங்களுக்குப் பின் பிறந்த கெண்டோவுக்கு நுகத்தடியின் அனுபவம் கிடையாது. ஆனால் அதைச் சுமந்த தோள்களையுடைய பாட்டன்மாரும் பாட்டிமாரும் அவ்வூர்த் திண்ணைகளில் இன்னும் உட்கார்ந்திருந்த காலம் அது.

இளம் பிராயத்திலேயே நாடகத்தில் மோகங்கொண்ட அவர், நடிப்புக் கலையைப் பயில வியன்னா நகரம் சென்றார். ஆஸ்திரியச் சக்ரவர்த்தியின் அந்தத் தலைநகரம் அப்பொழுது நாடகத்துக்கும் சங்கீதத்துக்கும் பேர்போனது. ஸோபியாவில் 1907-ம் வருஷம் திறக்கப்பட்ட தேசீய நாடக மாளிகையைக் கட்டிய சிற்பிகளான பெல்னரும் ஹெல்மரும் வியன்னாவைச் சேர்ந்தவர்களே. மாளிகைக்குச் சிற்பி அயல்நாட்டான். மேடையில் பேசும் பாஷையோ நம்முடையது என்று பல்கேரியர் திருப்தியடைந்தனர். அது நியாயமான திருப்திதான்.

சினிமாவின் நிலைமை அப்படியில்லை. மாடர்ன் தியேட்டர் ஸோபியாவில் திறக்கப்பட்டது 1908-ம் வருஷத்தில், அதாவது பூரண சுதந்தரம் பிரகடனமான அதே வருஷத்தில். சுதந்தரக் கொடி ஏறிய அவ்வருஷத்திலேயே திறந்த அந்தக் கொட்டகையின் வெண்திரையில் பல்கேரியரின் கதை ஒன்றுகூட இல்லை. பிரெஞ்சுக்காரன் சிரித்தான், இத்தாலியன் அழுதான், டென்மார்க்கு தேசத்து நடிகை காதல் செய்தாள். டிக்கட்டு வாங்கிய பல்கேரியன் இருட்டில் உட்கார்ந்து அதையெல்லாம் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போனான். அரசியல் நுகம் நீங்கிய பிறகும் கண்ணுக்கு இடப்பட்ட கடிவாளம் நீங்கவில்லை என்று சொன்னால் அது மிகையாகாது. நாடக மேடையிலிருந்து இதைக் கவனித்த கெண்டோவுக்கு ஓர் எண்ணம் உதித்தது. நம் தெருவும் நம் ஜனங்களும் அந்தத் திரையில் ஏன் தோன்றலாகாது?

அந்த எண்ணத்தின் விளைவே 1915-ல் வெளிவந்த படம். "புல்கரான் ஒரு ஷோக்குப் பேர்வழி" என்று அதன் பெயரைத் தமிழ்ப்படுத்தலாம். புல்கரான் என்னும் பெயர் கெண்டோவின் புதுச் சிருஷ்டியல்ல. 1904-ம் வருஷம் முதல் சில காலம் ஸோபியாவில் நடந்துவந்த ஒரு விகடப் பத்திரிகையின் பெயர் அது. கதை மிகவும் எளியது. பெண்களை மயக்குவதில் தன்னை மிஞ்சியவன் இல்லை என்ற கர்வமுடைய ஒரு பட்டணத்து மைனர், தெருவில் ஓர் அழகிய சீமாட்டியைப் பின்தொடருகிறான். அவளோ புத்திசாலி, அவனுக்குப் பாடம் கற்பிக்கத் தீர்மானித்து, கூட வர அனுமதிக்கிறாள். ஹோட்டலுக்குப் போகிறார்கள். பிறகு கடைகடையாக ஏறி இறங்கி அவள் சாமான் வாங்க வாங்க, மூட்டைகளெல்லாம் அவன் கைக்கும் தோளுக்கும் ஏறுகின்றன. கடைசியில் எதிரே அவளுடைய புருஷன் வருகிறான். மூட்டை சுமந்து நிற்கும் நம் மைனர் ஒரு கூலியாளாகவே பாவிக்கப்பட்டு, சுமைகூலி பெறும் கதிக்கு ஆளாகிறான். மைனராகக் கெண்டோவும் சீமாட்டியாக மாரா லிபினா என்னும் நடிகையும் நடித்தார்கள்.

இதில் என்ன தேசீயம் இருக்கிறது என்று கேட்கலாம். பிரெஞ்சு நடிகர் மாக்ஸ் லிண்டரின் படங்களில் இவ்வகை ஷோக்குப் பேர்வழியை உலகம் முன்னமே கண்டிருந்தது. அந்தச் சாயல் கெண்டோவிடம் இருந்ததை மறுப்பதற்கில்லை. ஆனால் ஸோபியாவின் தெருக்களில், ஸோபியாவின் கடைகளுக்கு முன்னால், அவ்வூர் ஜனங்கள் நடமாடும் இடத்தில் அந்தக் கதை நடக்கிறது. தங்களுக்குப் பழக்கமான தெருமூலை திரையில் தோன்றும்போது ஜனங்கள் அடையும் குதூகலம் சாமானியமானதல்ல. அன்றியும், மேல்நாட்டு நாகரிகத்தைப் பார்த்துக் காப்பியடித்துத் திரியும் வாலிபனைப் பரிகாசம் செய்வது, சுதந்தரம் பெற்ற புதிய தேசம் ஒவ்வொன்றுக்கும் தேவையான மருந்து. அதைச் சிரிப்போடு கலந்து கொடுத்தது அவருடைய சாமர்த்தியம்.

இந்தப் படத்தின் காலத்தைப் பற்றி ஒரு சிறு வழக்கு உண்டு. சில பழைய குறிப்புகளில் 1910 என்னும் வருஷம் காணப்படுகிறது. முதுமையில் தம் வாழ்க்கையை எழுதப் புகுந்த கெண்டோவும் தம் சினிமா முயற்சிகளைப் பின்னோக்கி அக்காலம் வரை கொண்டுசெல்லுகிறார். ஆராய்ச்சியாளர்கள் அக்காலத்துப் பத்திரிகை விளம்பரங்களை வைத்துக்கொண்டு, படம் பொதுஜனங்களுக்குக் காட்டப்பட்டது 1915-லேதான் என்று முடிவு கட்டியிருக்கிறார்கள். கோர்ட்டுகளில் பழகிய நமக்கு இது புதிய சங்கதியல்ல. சம்பவம் நடந்த காலத்தில் அச்சான ஒரு துண்டுக் காகிதம், நாற்பது வருஷங்களுக்குப் பின் சொல்லப்படும் வாக்குமூலத்தைக் காட்டிலும் பலமுள்ள சாட்சியம். சாட்சி பொய் சொல்லுகிறான் என்று அதற்குப் பொருளல்ல. ஒரு காரியத்தை முதலில் நினைத்தவனுக்கு, நினைத்த நாளும் செய்த நாளும் ஒன்றாகவே தோன்றிவிடுகின்றன. எந்த வருஷத்தை ஏற்றாலும் முதன்மை அவருக்கே உரியது.

நிற்க. அந்தப் படம் வெளிவந்த காலத்தையும் கருத வேண்டும். 1912, 1913-ம் வருஷங்களில் இரண்டு பால்கன் யுத்தங்கள். 1915-ம் வருஷம் அக்டோபரில் பல்கேரியா ஜெர்மனியின் பக்கம் சேர்ந்து உலக யுத்தத்தில் இறங்கியது, 1918-ல் தோற்றது, 1919-ல் நேயி உடன்படிக்கையின்படி நிலத்தையும் பொருளையும் பறிகொடுத்தது. வீடுதோறும் துக்கம். இப்படிப்பட்ட தேசத்தில், 1917-ம் வருஷம் யுத்தத்தின் நடுவிலேயே, கெண்டோவ் தம் இரண்டாவது படமாகிய "காதல் ஒரு பைத்தியம்" என்பதை எடுத்தார். அதில் அவருடன் நடித்தவர் ஜானா கெண்டோவா. இந்த அம்மையார் அவருடைய வாழ்க்கைத் துணைவி. பல்கேரிய சினிமாவின் முதல் நட்சத்திரம் என்று பிற்காலத்தார் போற்றுவது இவரையே. நாடகம் ஆடும் பெண்ணே சமூகத்தின் கண்ணுக்கு உறுத்தலாக இருந்த காலத்தில், முகத்தை ஊரூராக அனுப்பிவைக்கும் சினிமாவில் ஒரு குடும்பப் பெண் துணிந்து தோன்றியது சாதாரணக் காரியமன்று. கணவனுடைய கீர்த்தியில் பாதி இந்த அம்மையாருக்குச் சேர வேண்டுமென்பது நம் அபிப்பிராயம். பாதிக்கு மேல் என்று யாராவது வாதாடினால் நாம் எதிர்க்கப் போவதில்லை.

யுத்தம் ஓய்ந்தபின் "ஸோபியாவில் சைத்தான்" 1921-லும், "சமாதான காலத்தில் யுத்த நடவடிக்கைகள்", "பை கன்யோ" ஆகிய இரண்டும் 1922-லும் வெளிவந்தன. பின்னதைப் பற்றிச் சிறிது விரித்துரைக்க வேண்டும். பை கன்யோ என்பவன் பல்கேரிய இலக்கியத்தில் அழியாத ஒரு பாத்திரம். அலெகோ கான்ஸ்டான்டினோவ் என்னும் எழுத்தாளர் 1895-ல் வெளியிட்ட நூலின் நாயகன் அவன். ரோஜா அத்தர் விற்கும் நாட்டுப்புறத்து வியாபாரி. ஐரோப்பா முழுதும் சுற்றுவான். எங்கும் முரட்டுத்தனம், எங்கும் பேராசை. ஊருக்குத் திரும்பி அரசியலிலும் புகுந்து தேர்தலைக் குட்டிச்சுவராக்குவான். நூலாசிரியரான அலெகோ நம்மைப் போல் வக்கீல் தொழில் புரிந்தவர் என்பதைச் சிறிது பெருமையுடன் குறிப்பிடுகிறோம். அவர் 1897-ம் வருஷம் கொலையாளிகளின் துப்பாக்கிக்குப் பலியானார். தன் தேசத்தாரின் குறைகளைத் தன் தேசத்தாருக்கே எடுத்துக்காட்டிய அந்த நூலைத் திரையில் ஏற்றுவதற்கு மனோதைரியம் வேண்டும். அதைவிட நமக்குப் பிடித்தது வேறொன்று. எல்லாப் படங்களிலும் முக்கிய வேஷத்தைத் தாமே எடுத்துக்கொள்ளும் வழக்கமுடைய கெண்டோவ், கன்யோவின் வேஷத்தை ஸ்டோயான் மிலாடினோவ் என்னும் நடிகரிடம் ஒப்படைத்தார். தாமே எழுதித் தாமே நடத்தித் தாமே நடிப்பது அவருடைய பலம். அதுவே அவருடைய பலவீனமுமாகும். பிறர் கண்ணுக்குப் படக்கூடிய பிழை அத்தகையவனுடைய கண்ணுக்குப் படாது. இந்த ஓரிடத்தில் கலையின் தேவைக்குத் தம் ஆசை வழிவிட்டதை நாம் கவனிக்கிறோம்.

இதன்பின் ஐந்து வருஷ இடைவெளி. 1927-ல் "கடவுளை மறந்த மனிதன்", 1928-ல் "வழி தவறியவர்களின் வழி", 1929-ல் "தெருத் தெய்வங்கள்", 1930-ல் "வாலிபப் புயல்" என வருஷத்துக்கு ஒன்றாக வந்தன. பெயர்களைக் கேட்டாலே ஹாஸ்யக்காரர் இப்பொழுது வேறு வழியில் சென்றது தெரியும். தோற்றுப்போன தேசத்தின் தலைநகரத்தில் வறுமையும் ஒழுக்கக்கேடும் கண்முன்னே நடமாடும்போது மைனர் வேஷம் எத்தனை நாளைக்குச் சிரிப்பூட்டும்?

ஏன் இவ்வளவு மெதுவாக வேலை நடந்தது என்று கேட்பவர்களுக்கு ஒரு கணக்குச் சொல்லுகிறோம். 1910-ம் வருஷத்துக் குடிமதிப்பின்படி பல்கேரியாவின் ஜனத்தொகை சுமார் 43 லட்சம். அவர்களில் பெரும்பாலோர் கிராமத்தார். சினிமாக் கொட்டகை இருந்தது பட்டணங்களில் மட்டும். பிலிம் சுருள், காமிரா, இரசாயனச் சரக்கு எல்லாம் வெளிநாட்டிலிருந்து வர வேண்டியவை. ஜெர்மானியனோ பிரெஞ்சுக்காரனோ எடுக்கும் படத்தின் செலவு அவன் தேசத்திலேயே வசூலாகிவிடும். பிறகு பல்கேரியாவுக்கு அதை அற்ப வாடகைக்கு அனுப்பினாலும் அவனுக்கு லாபமே. பல்கேரியன் எடுக்கும் படமோ வேறு எந்தத் தேசத்திலும் விலைபோகாது. முழுச் செலவும் உள்ளூர்ச் சில கொட்டகைகளில் வசூலாக வேண்டும். அன்னிய ஆலைத் துணி மலிவாக வந்து குவியும்போது உள்ளூர்த் தறிக்கு என்ன கதியோ அதே கதி. சர்க்காரின் ஆதரவோ, பாங்கிக்காரர்களின் நம்பிக்கையோ அவருக்குக் கிடைத்ததில்லை. இந்த நிலைமையில் 1915 முதல் 1937 வரை, இருபத்திரண்டு வருஷங்களில், பதினொரு படங்கள். எண்ணிக்கை சிறியதென்று நகைப்போர், தம் சொந்தப் பணத்தில் ஒரே ஒரு படம் எடுத்துப் பார்க்கட்டும்.

இனி அவருடைய வாழ்க்கையின் சிகரத்துக்கு வருகிறோம். 1933-ல் வெளிவந்த "அடிமைகளின் கலகம்" பல்கேரியாவின் முதல் பேசும் கதைப்படம். அதன் நாயகன் வாஸில் லெவ்ஸ்கி.

லெவ்ஸ்கி யாரென்பதை நம் நேயர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லத்தான் வேண்டும். 1837-ல் கார்லோவோ என்னும் ஊரில் பிறந்தவர். வாலிபத்தில் துறவு பூண்டு, பின்பு அந்தக் காவியைக் களைந்து தேச விடுதலைக்கே தம்மை அர்ப்பணித்தவர். வெளித்தேசத்து ராஜாக்கள் சேனை அனுப்புவார்கள், அவர்களுடன் சேர்ந்து நாட்டுக்குள் புகலாம் என்று மற்றவர்கள் காத்திருக்கையில், விடுதலை உள்ளேயிருந்தே வர வேண்டுமென்று கண்டவர் அவர். மாறுவேஷத்தில் கிராமம் கிராமமாக நடந்து இரகசியச் சங்கங்களை நிறுவினார். விடுதலையான நாட்டில் துருக்கியரும் யூதரும் பல்கேரியரும் ஒரே சட்டத்தின்கீழ் சமமாக வாழும் குடியரசு ஏற்பட வேண்டுமென்பது அவர் கொள்கை. ஆண்டானை வெறுக்காமல் ஆட்சியை மட்டும் எதிர்த்த அந்த விசாலமான நோக்கம் அக்காலத்தில் எவ்வளவு அபூர்வம்! 1872-ம் வருஷம் டிசம்பரில் லோவெச் நகரத்துக்கு அருகே காக்ரினா சத்திரத்தில் பிடிபட்டு, 1873 பிப்ரவரியில் ஸோபியாவில் தூக்கிலிடப்பட்டார். அவருடைய சமாதி எங்கே என்பது இன்றுவரை நிச்சயமாகத் தெரியவில்லை. ஆனால் அவர் படம் மாட்டாத பள்ளிக்கூடம் அந்நாட்டில் அரிது.

இந்த மகானுடைய வேஷத்தைக் கெண்டோவ் தாமே தரித்தார். பதினெட்டு வருஷங்களுக்கு முன்னால் மூட்டை சுமந்து ஊரைச் சிரிக்கவைத்த அதே மனிதர்! தூக்குமேடைத் தியாகியாக அவரை ஏற்க ஜனங்களின் மனம் ஒப்புமா என்பது ஒரு புறம். மறுபுறம், ஒவ்வொரு குழந்தைக்கும் மனப்பாடமான ஒரு முகத்தைத் தன் முகத்தில் வருவிப்பது நடிகனுக்குள்ள சோதனைகளில் மிகக் கடினமானது. கற்பனைப் பாத்திரத்தில் நடிகன் தவறினால் கதை கெடும். தேசத்தின் தெய்வத்தில் தவறினாலோ அது நிந்தனையாகிவிடும். லெவ்ஸ்கி தூக்கிலிடப்பட்டு அப்பொழுது அறுபது வருஷங்களே ஆகியிருந்தன; அந்த நாளில் உயிருடனிருந்த கிழவர்கள் 1933-ல் இன்னும் சிலர் இருந்தனர். இவற்றையெல்லாம் அறிந்தே அவர் துணிந்தார். ஹாஸ்யத்தில் அவர் பெற்ற பயிற்சி இதற்கு இடையூறாயிராது, உதவியே செய்திருக்கும் என்று நாம் கருதுகிறோம். மாறுவேஷம் பூண்டு சுல்தானுடைய ஜவான்களின் மூக்கின்கீழே நடமாடிய லெவ்ஸ்கியே ஒரு சிறந்த நடிகரல்லவா?

இதில் நமக்கு முக்கியமாகப் படுவது வேறு. ஐரோப்பாவின் பெரிய தேசங்கள் பேசும்படம் கண்ட ஆரம்ப காலத்தில் ஆட்டமும் பாட்டும் காதலுமாகவே திரையைப் பேசவைத்தன. பல்கேரியரோ, திரை முதன்முதல் தங்கள் பாஷையில் கதை சொல்ல வாய் திறந்தபோது, அந்த வாய் லெவ்ஸ்கியின் வாயாக இருக்கும்படி செய்துகொண்டார்கள். கோவிலில்கூட தாய்மொழிக்கு இடமில்லாமல் நூற்றாண்டுகளைக் கழித்த ஒரு ஜாதியாருக்கு இது எப்படியிருந்திருக்கும் என்பதை விரித்துரைக்கத் தேவையில்லை. கருவிகளும் பணமும் போதாத நிலையில் தயாரான அப்படத்தில் ஜெர்மனியின் படங்களிலுள்ள மெருகை எதிர்பார்ப்பது நியாயமன்று.

நான்கு வருஷம் கழித்து 1937-ல் "பூமி எரிகிறது" என்னும் படம் வந்தது. அதுவே கடைசி. அப்பொழுது அவருக்கு வயது நாற்பத்தாறுகூட நிறையவில்லை.

அதன்பின் எரிந்தது அவருடைய உழைப்பு. 1941-ம் வருஷம் டிசம்பரில் பல்கேரிய சர்க்கார் பிரிட்டனுக்கும் அமெரிக்காவுக்கும் எதிராக யுத்தப் பிரகடனம் செய்தது. யாருக்கும் கெடுதி வராத வெறும் காகிதப் பிரகடனம் என்று எண்ணினார்கள் போலும். 1943 நவம்பர் முதல் நேசநாட்டு விமானங்கள் ஸோபியாவின்மேல் குண்டுமாரி பொழியத் தொடங்கின. 1944 ஜனவரி 10-ந் தேதியும் மார்ச்சு 30-ந் தேதியும் நடந்த தாக்குதல்கள் மிகக் கொடியவை. மனித உயிர்கள் மாண்டன, வீதிகள் சாம்பலாயின. தேசீய நாடக மாளிகையும் சேதமுற்றது. அக்காலத்துப் பிலிம் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட்டுச் சரக்கினாலானது. குண்டு நேரே விழ வேண்டுமென்பதில்லை, அனல் பட்டாலே போதும். கெண்டோவின் முதல் படத்தின் கடைசிப் பிரதி அந்த நெருப்பில் போயிற்று. மற்றவற்றிலும் பெரும்பகுதி இன்று முழு உருவில் இல்லை.

எழுத்தாளன் மறைந்தால் புத்தகம் இருக்கும். சிற்பி மறைந்தால் சிலை இருக்கும். நாடக நடிகனுக்கு மட்டும் அந்தப் பாக்கியம் கிடையாது. திரை விழுந்ததும் அவன் கலை காற்றோடு போய்விடும். அந்தக் குறையைத் தீர்க்க வந்ததுதான் சினிமா என்று உலகம் நம்பிற்று. மேடையை விட்டுத் திரைக்கு வந்த கெண்டோவும் அவ்வாறு நம்பியிருக்க வேண்டும். அவர் விஷயத்தில் திரையும் மேடையைப் போலவே ஏமாற்றிவிட்டது.

1944 செப்டம்பரில் ஆட்சி மாறியது. 1948-ல் புதிய ராஜாங்கம் ஒரு சட்டத்தினால் சினிமாத் தொழில் முழுவதையும் சர்க்காரின் உடைமையாக்கிற்று. 1950-ல் அரசாங்கச் செலவில் "கழுகு காலின்" என்னும் படம் வெளியாயிற்று. முப்பது வருஷ காலமாகக் கெண்டோவ் தட்டிய கதவு கடைசியாகத் திறந்தது. ஆனால் உள்ளே அழைக்கப்பட்டவர்கள் வேறு வாலிபர்கள். சர்க்கார் ஆதரவு இல்லாததால் தவித்த தொழிலுக்கு ஆதரவு வந்ததைக் குறைகூற நாம் முன்வரவில்லை. ஆனால் சர்க்காரின் பணத்தோடு சர்க்காரின் விருப்பு வெறுப்புகளும் சேர்ந்தே வரும் என்பதும் உலக அனுபவம். தம் மனம் போனபடி மைனரையும் சைத்தானையும் தியாகியையும் படைத்த தனி மனிதருக்கு அந்த ஏற்பாட்டில் இடம் ஏது? 1937-க்குப் பின் இறக்கும்வரை, முப்பத்துமூன்று வருஷங்களில், அவர் ஒரு படத்தையும் டைரக்ட் செய்யவில்லை.

அவர் கையில் மிஞ்சியது பேனா ஒன்றே. தாம் கடந்துவந்த பாதையை ஒழுங்காக எழுதிவைத்தார். "பல்கேரிய சினிமாவின் முட்பாதை" என்பது அந்நூலின் பெயர். யார் யார் நடித்தார்கள், எங்கே படம் பிடித்தார்கள், எப்படிப் பணம் திரட்டினார்கள் என்பவற்றையெல்லாம் அதில் காணலாம். ஜானா அம்மையாரும் தம் பங்குக்கு நினைவுகளை எழுதிவைத்திருக்கிறார். பல்கேரிய சினிமா சரித்திரத்தில் மற்றவர்கள் சொல்லாமல் விட்டவை என்ற பொருள்பட அதற்குப் பெயரிட்டார். பெயரிலேயே கொஞ்சம் காரம் தெரிகிறதல்லவா? மறக்கப்பட்டவர்கள் பேசும்போது குரல் சற்று உயர்ந்துதான் இருக்கும்.

வாஸில் கெண்டோவ் 1970-ம் வருஷம் செப்டம்பர் மாதம் 3-ந் தேதி ஸோபியாவில் காலமானார். அவர் எழுதிய நூல் நாற்பது வருஷங்களுக்கு மேல் கையெழுத்துப் பிரதியாகவே இருந்து, அதன்பின் பல்கேரிய தேசீயத் திரைப்படக் களஞ்சியத்தாரின் முயற்சியால் புத்தகமாக அச்சேறிற்று. முதல் படத்தில் எஞ்சிய காட்சித் துண்டுகளும் அந்தக் களஞ்சியத்திலேயே பாதுகாக்கப்பட்டிருக்கின்றன.